சூட்கேசுக்குள் கிடக்கும் போர்க்காலப் படங்கள்: தொடங்க நினைப்பவர்களுக்கு

அம்மாவின் கட்டிலுக்குக் கீழே ஒரு பச்சைச் சூட்கேஸ். அதற்குள் 640 படங்கள், 41 நெகட்டிவ் துண்டுகள், ஒரு வீடியோ கசெட். எல்லாம் யாழ்ப்பாணத்தில் எங்கள் வீட்டு ஆட்களே எடுத்தவை. 1995 இடப்பெயர்வில் உரப்பைக்குள் ஏறி, சாவகச்சேரி, கொழும்பு என்று அலைந்து, கடைசியில் கனடாவின் ஸ்காபரோவுக்கு வந்து சேர்ந்தவை. அந்த வருடங்களை எங்கள் வீடு எப்படிக் கடந்தது என்று இந்தப் படங்களை வைத்து ஒரு சிறு தொகுப்புச் செய்ய இறங்கினேன். இரண்டு வார இறுதி போதும் என்பது என் கணக்கு. பதினான்கு மாதம் எடுத்தது. அதில் ஐந்து மாதம் நானே விட்ட பிழைகளைத் திருத்தப் போனது. உங்களுக்கு அந்த ஐந்து மாதமாவது மிஞ்சட்டும்.

முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். வீட்டுப் படங்களில் போரைத் தேடினால் கிடைக்காது. பிறந்தநாள், சாமத்திய வீடு (பூப்புனித விழா), புதுச் சைக்கிள், கோயில் திருவிழா, இவைதான் இருக்கும். தம்பியின் ஐந்தாவது பிறந்தநாள் படம் ஒன்று. நடுவில் கேக், சுற்றிவரப் பிள்ளைகள். இடது ஓரத்தில் அரை அங்குலத்துக்குப் பனங்குற்றி அடுக்கிய பங்கர் (பதுங்குகுழி) வாசல், அதன் மேல் ஒரு துவாய் காய்கிறது. இந்தப் படத்தைக் கடையில் கொடுத்து ஸ்கான் பண்ணியபோது, இயந்திரம் படம் சரிந்திருக்கிறது என்று தானாகவே ஓரத்தை வெட்டிவிட்டது. பங்கர் போய்விட்டது. மூன்று மாதம் கழித்து அசல் படத்தைக் கையில் எடுத்தபோதுதான் கண்டேன். கீழே நான் சொல்லும் பாதி எச்சரிக்கைகள் இந்த அரை அங்குலத்தால் வந்தவை.

1. எதையும் கலைக்காமல் எண் போடுங்கள்

சூட்கேசைத் திறந்ததும் கை துறுதுறுக்கும். ஆட்படி பிரிக்கலாம், வருடப்படி அடுக்கலாம் என்று தோன்றும். வேண்டாம். ஒரே உறைக்குள் கிடக்கும் படங்கள் பெரும்பாலும் ஒரே பிலிம் றோலில் வந்தவை. ஆண்டு தெரியாத படத்துக்குப் பக்கத்துப் படம்தான் சாட்சி. அந்த ஒழுங்கைக் கலைத்தால் திரும்பக் கிடைக்காது.

படங்கள் அல்பத்தில் இருந்தால் ஒவ்வொரு பக்கத்தையும் கைபேசியில் நேராகப் படம் எடுங்கள். உறையாக இருந்தால் உறையையும், அதன் மேல் எழுதியிருப்பதையும் எடுங்கள். பிறகு எண்: முதல் அல்பத்தின் இருபத்து மூன்றாவது படம் 01-023. ஆள் பெயர், ஊர்ப் பெயர் எதையும் கோப்பின் பெயரில் சேர்க்காதீர்கள். பெயர் பின்னால் மாறும். எனக்கு மூன்று தடவை மாறியது.

எண்ணைப் படத்தின் பின்பக்கம் போல்பொயின்ட் பேனாவால் எழுதக்கூடாது. அழுத்தம் முன்பக்கம் தெரியும், மையும் ஊறும். பழைய கறுப்பு வெள்ளைத் தாளென்றால் மெல்லிய பென்சில் போதும். வழுவழுப்பான கலர்த் தாளில் பென்சில் பிடிக்காது. அதை ஒரு தாள் உறைக்குள் போட்டு, உறையில் எழுதுங்கள்.

ஒட்டும் பக்கமும் மேலே பிளாஸ்டிக் தாளும் உள்ள அல்பங்கள் 80களிலும் 90களிலும் எல்லார் வீட்டிலும் இருந்தன. அவைதான் படத்துக்கு எமன். படம் பசையில் பிடித்திருந்தால் இழுக்காதீர்கள். பல் இடுக்குச் சுத்தம் செய்யும் நூலைப் படத்துக்குக் கீழே விட்டு மெதுவாக அறுத்துக்கொண்டு போகலாம். அதற்கும் மசியாவிட்டால் பக்கத்தோடு சேர்த்தே ஸ்கான் பண்ணுங்கள். சட்டத்துக் கண்ணாடியில் ஒட்டிப்போன படத்தையும் பிரிக்காமல் கண்ணாடியோடு சேர்த்தே ஸ்கான் பண்ணுங்கள்.

நேரம்: இரண்டு மூன்று மாலைகள். செலவு: தாள் உறைகளுக்கு மட்டும்.

2. ஸ்கானர் வாங்கமுன் ஆளைப் பிடியுங்கள்

நான் தலைகீழாகச் செய்தேன். நான்கு மாதம் ஸ்கான் பண்ணிவிட்டுத்தான் கேட்கப் போனேன். அதற்குள் பெரிய மாமாவுக்கு நினைவு தட்டுப்பட ஆரம்பித்துவிட்டது. அந்தப் படங்களில் பாதியை எடுத்தவரே அவர்தான். படம் இன்னும் இருபது வருடம் இருக்கும். எண்பது வயதுக்காரரை அப்படி நம்பியிருக்க முடியாது.

கைபேசியில் எடுத்த பக்கங்களைத் தாளில் பெரிதாக அச்சடித்து எடுத்துக்கொண்டு போங்கள். சின்னத் திரையில் காட்டினால் அவர்கள் முகத்தை மட்டும்தான் பார்ப்பார்கள். ஒரு தடவைக்கு ஆறு ஏழு படம், முக்கால் மணித்தியாலம். அதற்கு மேல் இழுத்தால் அவர்களும் களைத்துவிடுவார்கள், நீங்களும் கேட்கமாட்டீர்கள். கைபேசியிலேயே பதிவு செய்யலாம். மின்விசிறியை நிறுத்துங்கள், சமையலறையிலிருந்து தள்ளி உட்காருங்கள். பதிவின் தொடக்கத்தில் திகதியையும் படத்தின் எண்ணையும் நீங்களே வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள்.

"போர் நேரம் எப்படி இருந்தது?" என்று கேட்டால் தொலைக்காட்சிக்குச் சொல்வது போலச் சொல்வார்கள். "இந்தக் கதிரை யாருடையது?" என்று கேளுங்கள். "இதை எடுத்தது ஆர்? எங்க நிண்டு எடுத்தவர்?" என்று கேளுங்கள். எங்கள் படங்களில் 1990க்குப் பிறகு ஒன்றுகூட வீட்டுக்குள் எடுத்ததில்லை. எல்லாரும் முற்றத்தில் கதிரை போட்டு இருக்கிறார்கள். வெளிச்சம் நல்லது என்பதால்தான் என்று நினைத்திருந்தேன். ஆசையம்மா சிரித்தார். "பிளாஷுக்குப் பற்றறி எங்கயடா?" 1990இலிருந்து குடாநாட்டில் மின்சாரம் இல்லை, பற்றறி தடைசெய்யப்பட்ட பொருள். ரேடியோவையே சைக்கிள் டைனமோவைச் சுற்றித்தான் கேட்டார்கள். முற்றத்துக் கதிரைகளைப் பார்க்கும் விதமே அதோடு மாறிவிட்டது.

ஓரங்களைக் காட்டிக் கேளுங்கள். பங்கர் படத்தைக் காட்டி நான் பெரிதாகக் கதை சொல்லப்போக, அதே ஆசையம்மா இன்னொரு படத்தில் தெரிந்த மண்மேட்டைக் காட்டி, "அது பங்கர் இல்லை. அது பங்கர் வெட்டமுன்னம் கிணத்துக்கு வெட்டின மண்" என்றார். எல்லா மண்மேட்டிலும் போரைக் கண்டுபிடிக்கும் ஆசை நமக்கு வரும். கவனம்.

யாராவது பேச்சை நிறுத்தினால் நீங்களும் நிறுத்துங்கள். "உதை ஏன் இப்ப கிண்டுறாய்?" என்று வந்தால் படத்தை மூடிவைத்துத் தேத்தண்ணி குடியுங்கள். அன்றைக்கு அவ்வளவுதான். ஒரு மாமியிடம் நான் இதை விளங்காமல் இன்னும் இரண்டு கேள்வி கேட்டேன். அவர் மூன்று நாள் நித்திரை கொள்ளவில்லை என்று மச்சாள் அழைத்துச் சொன்னாள். அதற்குப் பிறகு அவரிடம் போகும்போது படம் எதுவும் கொண்டுபோவதில்லை.

3. ஆண்டைக் கண்டுபிடிப்பது

நம்மவர்கள் ஆண்டு சொல்லமாட்டார்கள், நேரம் சொல்வார்கள். ஆகவே முதல் நாளே ஒரு கொப்பியில் இப்படி ஒரு பட்டியலை எழுதிக்கொள்ளுங்கள்:

ஆடிக் கலவரம்: 1983 ஜூலை.
இந்தியன் ஆமி நேரம்: 1987 ஜூலை தொடக்கம் 1990 மார்ச் வரை. அவர்களோடு சண்டை தொடங்கியது 1987 ஒக்டோபர்.
கிளாலியால் (கடல்நீரேரியைப் படகில் கடந்து) போன காலம்: 90களின் முதல் பாதி.
பெரிய இடப்பெயர்வு: 1995 ஒக்டோபர் 30. ஊருக்குத் திரும்பியது பலருக்கு 1996 ஏப்ரல், மே.
பாதை (குடாநாட்டுக்குப் போகும் ஏ9 வீதி) திறந்தது: 2002 ஏப்ரல். பாதை பூட்டியது: 2006 ஓகஸ்ட்.

"பாதை திறந்து முதல் வந்த தீபாவளி" என்றால் 2002 நவம்பர் என்று கணக்குப் போட்டுவிடலாம். வன்னியில் இருந்தவர்களுக்கு இது பொருந்தாது. அவர்களுடைய 2008, 2009 ஊர் ஊராகத்தான் நகரும்: கிளிநொச்சி, தருமபுரம், விசுவமடு, புதுக்குடியிருப்பு, மாத்தளன், முள்ளிவாய்க்கால்.

படத்தின் மூலையில் செம்மஞ்சளாகத் திகதி விழுந்திருந்தால் உடனே நம்பாதீர்கள். பற்றறி மாற்றும்போது கமராவின் கலண்டரைத் திரும்பச் சரிசெய்ய வேண்டும், பலர் செய்வதில்லை. எங்கள் சூட்கேசில் ஒரே சாமத்திய வீட்டுக்கு இரண்டு வெவ்வேறு வருடங்கள் இருக்கின்றன. பின்பக்கத்தில் அச்சாகியிருக்கும் தாள் கம்பனியின் பெயரும் படம் எடுத்த காலத்தைச் சொல்லாது, அச்சடித்த காலத்தைத்தான் சொல்லும். அம்மாவின் கல்யாணப் படம் ஒன்று கொழும்பில் நெகட்டிவிலிருந்து திரும்ப அடித்தது. தாளை மட்டும் பார்த்திருந்தால் கல்யாணத்தைப் பதினைந்து வருடம் தள்ளிப் போட்டிருப்பேன்.

உறுதியில்லாவிட்டால் "1991க்கும் 1994க்கும் இடையில்" என்று எழுதுங்கள். அப்படி எழுதக் கூச்சப்பட்டு ஒரு வருடத்தை நட்டால், அதைப் பிள்ளைகள் சத்தியம் என்று நம்புவார்கள்.

4. ஸ்கான்: கடையா, வீடா?

கடையில் கொடுப்பதானால் மூன்று கேள்விகளை முன்னாலேயே கேளுங்கள். எத்தனை டிபிஐ (ஒரு அங்குலத்துக்கு எத்தனை புள்ளி)? ஓரம் வெட்டும் வசதியையும், நிறம் திருத்தும் வசதியையும் நிறுத்தித் தருவீர்களா? பின்பக்கத்தையும் எடுப்பீர்களா? மூன்றில் ஒன்றுக்கு மழுப்பினாலும் திரும்பி வாருங்கள். எனக்கு ஓரம் வெட்டித் தந்த கடை 300 டிபிஐயில் எடுத்து, அதையும் சுருக்கி ஜேபெக்காகத் தந்தது. ஒரு படத்துக்கு 50 சதம்தானே என்று இருக்கும். 640 படத்துக்கு 320 டொலர், பின்பக்கமும் வேண்டுமென்றால் இரட்டிப்பு.

அந்தக் காசுக்கு வீட்டிலேயே ஒரு தட்டு ஸ்கானர் வந்துவிடும். தாள் படங்கள் மட்டும் என்றால் மலிவானது போதும். நெகட்டிவும் இருந்தால், மூடிக்குள் விளக்கு உள்ள வகை வேண்டும். எப்சன் வி600 போன்றது. அதே கம்பனியின் மெல்லிய வி39 வகை நெகட்டிவை எடுக்காது. விலையைப் பார்த்து அதைத்தான் முதலில் வாங்கினேன், பெட்டியோடு திருப்பிக் கொடுத்தேன்.

அமைப்பு: தாள் படத்துக்கு 600 டிபிஐ, கலர் 24 பிட், டிஃப் கோப்பு (ஜேபெக் போலத் தரத்தைக் குறைத்துச் சுருக்காத வகை). கறுப்பு வெள்ளைப் படத்தையும் கலரிலேயே எடுங்கள், மஞ்சளித்த கறையும் மை எழுத்தும் அப்படியே வரும். தானியங்கித் திருத்தம் எல்லாவற்றையும் நிறுத்துங்கள். படத்தைச் சுற்றி ஒரு விரல் இடம் விட்டு, வெள்ளை விளிம்பு முழுவதும் தெரியும்படி எடுங்கள். நாலுக்கு ஆறு அங்குலப் படம் மட்டும் ஏறக்குறைய 26 மெகாபைட் வரும், சுற்றி விடும் இடத்தோடு இன்னும் கூடும். 640 படம் முன்னும் பின்னுமாக 33 கிகாபைட்டுக்கு மேல். ஒரு டெராபைட் வன்வட்டில் ஒரு மூலைக்குள் அடங்கிவிடும், பயப்படத் தேவையில்லை. 1200 டிபிஐக்குப் போனால் கோப்பு நான்கு மடங்கு பெருக்கும். படம் கழுவும் சாதாரண லாப்களில் அச்சடித்த படங்களில் அதற்கேற்ற விவரம் இருக்காது. பாஸ்போட் அளவுப் படங்களுக்கு மட்டும் அது பயன்படும்.

தூசி தட்டி, வைத்து, எடுத்து, எண் போட ஒரு படத்துக்கு மூன்று நிமிடம் வைத்துக்கொள்ளுங்கள். 640க்கு 32 மணித்தியாலம். ஒரே மூச்சில் செய்ய வேண்டாம். நூறுக்கு மேல் போனால் எண் தவறும்.

அப்புறம், உறவினர்கள் வட்ஸ்அப்பில் அனுப்பும் படங்கள். அது படத்தை நசுக்கித்தான் அனுப்பும். கோப்பாக அனுப்பச் சொல்லுங்கள், அல்லது அசலைக் கேளுங்கள்.

5. நெகட்டிவ், கழுவாத றோல், கசெட்

நெகட்டிவைத் தூக்கி எறியாதீர்கள். தாளில் அச்சடிக்கும்போதே லாப் ஓரத்தைக் கொஞ்சம் வெட்டியிருக்கும். நெகட்டிவில் முழுதும் இருக்கும். 35 மில்லிமீட்டர் என்றால் 2400 டிபிஐக்குக் குறையாமல் எடுங்கள். விளிம்பைப் பிடியுங்கள், நடுவில் விரல் படக்கூடாது. வினாகிரி மணம் வந்தால் பிலிம் அழியத் தொடங்கிவிட்டது. அதை மற்றவற்றிலிருந்து பிரித்து, முதலில் எடுங்கள்.

கழுவாத றோல் கிடைத்தால் விமான நிலையத்தில் கையில் கொடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள், எக்ஸ்ரேக்குள் விடாதீர்கள். கழுவிய பிலிமுக்கும் தாளுக்கும் எக்ஸ்ரேயால் ஒன்றும் ஆகாது. ஆனால் அவற்றைக் கைப்பையில்தான் கொண்டுபோக வேண்டும், காரணம் வேறு: பொதிகள் தொலையும்.

கசெட்டில் ஒரு பொறி இருக்கிறது. இலங்கையில் பதிந்தவை பால் (PAL) என்ற வீடியோ முறை. கனடா, அமெரிக்கப் பழைய டெக்குகள் என்டிஎஸ்சி (NTSC) என்ற வேறு முறை. போட்டால் கோடு கோடாக ஓடும், கசெட் பழுது என்று நினைத்து எறிந்தவர்களை எனக்குத் தெரியும். இரண்டையும் ஓட்டும் டெக் உள்ள இடத்தைத் தேடுங்கள், அல்லது லண்டன் உறவினரைப் பிடியுங்கள், அங்கும் பால்தான். நாடாவுக்கு வயது ஏறுகிறது, இதைத் தள்ளிப்போட வேண்டாம்.

6. அனுமதிக் கடிதம்

இது நான் அலட்சியமாக விட்ட படி. முதல் மாதமே உற்சாகத்தில் ஐந்து படங்களை முகநூலில் போட்டேன். இரவே ஊரிலிருந்து ஒருவர் அழைத்தார். படத்தில் பின்வரிசையில் நின்றவர். "நான் இப்ப அரசாங்க வேலையில இருக்கிறன் தம்பி. பக்கத்தில நிக்கிறது ஆரெண்டு உங்களுக்குத் தெரியும்தானே." உடனே எடுத்தேன். அதற்குள் எத்தனை பேர் பகிர்ந்தார்கள் என்று இன்றுவரை தெரியாது. இங்கே இருக்கும் நமக்குப் பழைய கதையாக இருப்பது, அங்கே இருப்பவருக்கு இன்றைய பிரச்சினை.

ஒரு பக்கக் கடிதம் போதும், தமிழில் எழுதுங்கள். அதில் இருக்க வேண்டியவை: படத்தின் எண்கள்; வீட்டுக்குள் மட்டுமா, அச்சுப் புத்தகமா, இணையமா, ஆவணகமா என்று நான்கு கட்டங்கள்; பெயரைப் போடலாமா, மாற்ற வேண்டுமா; எப்போது வேண்டுமானாலும் விலக்கிக்கொள்ளலாம் என்ற வரி; கையொப்பம், திகதி. கையெழுத்துக்குத் தயங்கும் முதியவர்களிடம் குரலில் பதிவு செய்யுங்கள். குழுப்படத்தில் ஒருவருக்காவது ஆபத்து வரலாம் என்றால், மற்ற எல்லாரும் சம்மதித்தாலும் இணையத்தில் வேண்டாம்.

படம் உங்கள் கையில் இருப்பதால் பதிப்புரிமை உங்களுடையது ஆகிவிடாது. இலங்கையின் 2003ஆம் ஆண்டுப் புலமைச் சொத்துச் சட்டப்படி அந்த உரிமை எடுத்தவருடைய ஆயுட்காலமும், அவர் இறந்து 70 ஆண்டும் நீடிக்கும். எடுத்தவர் மாமா என்றால் மாமாவிடம் ஒரு வரி எழுதி வாங்குங்கள். அவர் இல்லையென்றால் மாமியிடம் அல்லது பிள்ளைகளிடம்.

சில படங்களில் ஒரு தலை கத்தரிக்கோலால் வெட்டப்பட்டிருக்கும். சோதனைச் சாவடிக்குப் பயந்து வெட்டியது. அதை மென்பொருளால் நிரப்பாதீர்கள், வேறு படத்திலிருந்து அந்த முகத்தை எடுத்து ஒட்டவும் வேண்டாம். அந்த ஓட்டையை வெட்டியவரிடம் கேளுங்கள். சொன்னால் எழுதுங்கள்.

காணாமல் ஆக்கப்பட்டவருடைய படமாக இருந்தால் அசலை வாங்கவே கூடாது. 2017 பெப்ரவரியில் கிளிநொச்சியில் தொடங்கிய போராட்டப் பந்தல்களில் தாய்மார் நெஞ்சோடு பிடித்திருப்பது இப்படியான ஸ்டூடியோப் படங்களையும் கல்யாண வீட்டுப் படங்களையும்தான். வீட்டுக்குப் போய், அவர்கள் கண் முன்னாலேயே எடுத்து, அங்கேயே திருப்பிக் கொடுங்கள். நல்ல பிரதி ஒன்றைப் பெரிதாக அச்சடித்துக் கொடுத்துவிட்டு வாருங்கள்.

7. பத்திரப்படுத்துவது

டிஃப் கோப்புகள் மூன்று பிரதி: கணினியில் ஒன்று, வட்டில் ஒன்று, வேறு வீட்டில் அல்லது மேகச் சேமிப்பில் ஒன்று. அசல் படங்கள் அமிலமற்ற தாள் உறைக்குள், குளிரான உலர்ந்த இடத்தில். நிலவறையும் பரணும் வேண்டாம். பிவிசி பிளாஸ்டிக் உறை கூடாது. அவ்வளவுதான்.

நிறம் பூசும், முகத்தைத் தெளிவாக்கும் செயலிகளைப் பற்றி ஒரு சொல். விளையாட்டுக்குச் செய்யுங்கள், தனிக் கோப்பாக. அது மங்கிய முகத்துக்கு வேறொரு முகத்தை ஊகித்து வைக்கிறது. அம்மம்மாவுக்கு அது போட்ட மூக்கு எங்கள் பரம்பரையிலேயே இல்லை.

8. தொகுப்பாக்குவது

640 படத்திலிருந்து நான் எடுத்தது 18. அழகான படங்களைப் பார்த்து எடுக்கவில்லை. ஒவ்வொன்றிலும் யாராவது ஒருவர் ஒரு வார்த்தை சொல்லியிருந்தார்கள். குறிப்பை மூன்று வரியாகப் பிரித்தேன். முதல் வரியில் படத்தில் கண்ணுக்குத் தெரிவது. இரண்டாவதில் சொன்னவர் சொன்னது, அவர் பேச்சிலேயே. மூன்றாவதில் எனக்குத் தோன்றியது. மூன்றையும் ஒன்றாகக் குழைத்தால், எது படம் எது என் கற்பனை என்று பத்து வருடம் கழித்து எனக்கே விளங்காது.

இல்லாத படங்களுக்கும் பக்கம் ஒதுக்குங்கள். எரித்தவை, புதைத்தவை, நனைந்து ஒட்டியவை. வன்னியிலிருந்து கடைசியில் வந்தவர்களிடம் அல்பம் இருக்காது. "என்ன படம் வச்சிருந்தனீங்கள்?" என்று கேளுங்கள். யார் எங்கே நின்றார்கள், என்ன உடுப்பு, எந்தச் சுவரில் மாட்டியிருந்தது என்று சொல்வார்கள். அதை எழுதி, மேலே வெறும் சட்டம் மட்டும் போட்டேன். என் தொகுப்பில் அப்படி நான்கு பக்கங்கள். தொகுப்பைப் பார்த்தவர்கள் அதிக நேரம் நின்றது அந்தப் பக்கங்களில்தான்.

9. கொடுப்பதும் பகிர்வதும்

ஆவணகத்துக்குக் கொடுக்க விரும்பினால், 2005இல் தொடங்கிய நூலகம் என்ற எண்ணிம நூலகம் இருக்கிறது. படங்கள், ஒலிப்பதிவுகளுக்கு ஆவணகம் என்று தனித்தளமும் வைத்திருக்கிறார்கள். எங்கே கொடுத்தாலும் முதலில் கேட்க வேண்டியது: சில படங்களைக் குறிப்பிட்ட காலத்துக்கு மூடிவைக்க முடியுமா, பின்னால் எடுக்கச் சொன்னால் எடுப்பார்களா. ஆறாம் படியில் வாங்கிய கடிதங்களையும் சேர்த்துக் கொடுங்கள். பெயர், இடம், காலம் எழுதிய பட்டியல் இல்லாமல் படத்தை மட்டும் கொட்டினால் அவர்களுக்குத் தலையிடி.

அச்சுப் புத்தகம் என்றால் மொத்தமாக அடிக்கமுன் ஒரே ஒரு பிரதி அடித்து, படங்களில் இருக்கும் மூத்தவருக்கு அனுப்பி, குறைந்தது மூன்று கிழமை காத்திருங்கள். நான் ஆசையம்மாவுக்கு அனுப்பினேன். சிவப்புப் பேனாவால் நான்கு இடத்தில் திருத்தி வந்தது. இரண்டு பெயர் பிழை. ஒரு ஊர் பிழை. பதினோராம் பக்கத்தில், "முற்றத்தில் ஆசையம்மா, 1992" என்று நான் எழுதியதற்குக் கீழே: "இது நானில்லை, இது அக்கா. நான்தான் எடுத்தனான்."